பெயரை மறைத்த பெருங்கலைஞர் அலெக்ஸாந்தர் திரௌனர்

கலைகள் பலவற்றுள்ளும், செய்தவனைப் பின்னே மறைத்துத் தான் மட்டும் முன்னின்று விளங்கும் கலை ஒன்றுண்டு. அது யாதெனின், திரைப்படத்திற்கு வேண்டிய ஊரும் தெருவும் வீடும் அறையும் சமைத்துக் கொடுக்கும் கலையாகும். பாடகருக்குக் குரல் உண்டு. நடிகருக்கு முகம் உண்டு. சிற்பிக்கு அவன் செதுக்கிய கல் என்றும் சான்றாக நிற்கும். கலை இயக்குநன் எழுப்பும் மாளிகையோ மரச்சட்டமும் சாந்தும் துணியும் வண்ணமுமேயாம். படம் பிடித்து முடிந்ததும் அது பிரிக்கப்பட்டுவிடும். காண்பவர் அதனை உண்மைத் தெருவென்றே கருதிச் செல்வாராயின் அவன் வென்றான். இது கட்டிய தெருவென்று கண்டுகொள்வாராயின் அவன் தோற்றான். தன்னை மறைத்துக் கொள்ளுதலே வெற்றியாகிய இத்தொழிலில் ஏறக்குறைய அறுபதாண்டு உழைத்தவரும், உயிரைக் காத்தற்பொருட்டு ஒரு காலத்தில் தம் பெயரையே மறைத்து வாழ்ந்தவரும், அங்ஙனம் மறைந்திருந்தே தம் பணிகளுட் சிறந்ததனைச் செய்து முடித்தவருமாகிய ஒருவருடைய வரலாற்றை நம் சங்கத்து அன்பர்களுக்கு ஈண்டுக் கூறப் புகுகின்றோம். அவரே அலெக்ஸாந்தர் திரௌனர் என்பவர்.

திரௌனர் 1906-ஆம் ஆண்டில், ஹங்கேரி நாட்டின் தலைநகராகிய புடாபெஸ்டில் ஒரு யூதக் குடும்பத்தில் பிறந்தார். ஷாண்டோர் என்பது அவருக்குத் தாய்மொழியில் வழங்கிய பெயர். பிரெஞ்சு நாட்டை அடைந்தபின் அதுவே அலெக்ஸாந்தர் என மாறிற்று. இளமையிலேயே சித்திரத்தில் வேட்கை மிக்கவராய்ப் புடாபெஸ்டுக் கலைக்கல்லூரியில் ஓவியம் பயின்றார். அக்காலம் அந்நாட்டு யூதருக்கு நல்ல காலமன்று. முதல் உலகப் போரில் தோல்வியுற்று நிலப்பகுதிகள் பலவற்றை இழந்த ஹங்கேரியில் ஹோர்த்தி என்பாரின் ஆட்சி ஏற்பட்டது. 1920-ஆம் ஆண்டில் உயர்கல்விச் சாலைகளில் யூத மாணவர் தொகையைக் குறைப்பதற்கென்று ஒரு சட்டமே இயற்றப்பட்டது. கையில் திறமை இருந்தும் பிறப்புக் குறுக்கே நின்ற அந்நாட்டில் தமக்கு இடமில்லை என்று துணிந்த திரௌனர், 1929-ஆம் ஆண்டில் ஊரைவிட்டுப் பாரிஸ் மாநகரை அடைந்தார்.

ஓவியராக வாழவேண்டும் என்பதே அவர் கொண்ட நோக்கம். ஆயினும் ஓவியம் வயிற்றுக்குச் சோறிடவில்லை. அவ்வேளையில் திரைத்தொழிலில் ஒரு பெரிய மாறுதல் நேர்ந்துகொண்டிருந்தது. ஊமைப்படம் போய்ப் பேசும்படம் வந்தது. ஊமைப்படத்தை எந்தத் தெருவிலும் நின்று பிடிக்கலாம். பேசும்படத்திற்கோ வண்டியின் இரைச்சலும் வழிப்போக்கரின் கூச்சலும் பகை. ஆதலின் வெளியிலிருந்த தெருவை ஸ்டூடியோவின் சுவர்களுக்குள்ளே கொண்டுவந்து கட்டவேண்டியதாயிற்று. தெருக்கட்டுவோருக்குத் தேவை பெருகிற்று. பாரிஸை அடுத்த எபினே என்னும் இடத்து ஸ்டூடியோவில் லஸார் மீர்ஸன் என்பார் அத்தொழிலில் தலைசிறந்து விளங்கினார். அவரும் ருஷிய நாட்டிலிருந்து வந்தேறியவரே. திரௌனர் அவரிடம் உதவியாளராகச் சேர்ந்து, 1931-இல் வெளிவந்த ரெனே கிளேரின் ‘நமக்கு விடுதலை’, 1935-இல் வெளிவந்த ழாக் பெய்தரின் ‘வீரத் திருவிழா’ முதலிய படங்களில் உழைத்துத் தொழிலைக் கற்றார். ஆசிரியராகிய மீர்ஸன் 1938-இல் நாற்பது வயதும் நிரம்பாமல் லண்டனில் காலமானார். அவர் விட்ட தொழிலை மாணவர் மேற்கொண்டார்.

திரௌனர் கைக்கொண்ட முறை யாது என்பதை இவ்விடத்திற் சிறிது விளக்குதல் தகும். நம் நாட்டு நாடக சபைகளில் மேடைக்குப் பின்னே தொங்கவிட்ட ‘சீன்’ திரைகளை மூத்தோர் அறிவர். அரண்மனை வேண்டின் அரண்மனைத் திரை. காடு வேண்டின் காட்டுத் திரை. அத்திரை கதை நிகழும் இடம் இன்னதென்று அறிவித்து அமையும். திரௌனர் வகுத்த இடமோ கதையோடு கூடித் தானும் பேசும். ஒரு தெருவைக் கட்ட வேண்டின், முதலில் அத்தெருவுக்கே சென்று நோக்குவார், எழுதுவார், புகைப்படம் எடுப்பார். பின்பு திரும்பி வந்து, கண்டவற்றுட் பெரும்பாலனவற்றை நீக்கிவிடுவார். தெருவிற் கிடக்கும் பொருள்கள் ஆயிரம். கதைக்கு உரியன பத்தே. அப்பத்தினைத் தெரிந்தெடுத்துச் சரியான இடத்தில் வைத்தலே அவர் கண்ட கலை. உள்ளதை உள்ளபடி படியெடுத்தல் எளிது. உள்ளதன் உள்ளீட்டை எடுத்துக் காட்டுதலே அரிது.

இம்முறையின் சிறப்பு, மார்ஸெல் கார்னே என்னும் இயக்குநருக்காக அவர் அமைத்த அரங்கங்களில் நன்கு வெளிப்பட்டது. 1938-இல் வெளிவந்த ‘வடக்கு விடுதி’ என்னும் படத்திற்காகப் பாரிஸ் நகரத்து ஸேன் மார்த்தென் கால்வாயின் கரையையும், பாலத்தையும், கரைமேல் நின்ற விடுதியையும் பியாங்கூர் ஸ்டூடியோவை அடுத்த வெளியிற் கட்டினார். இதனைப் பற்றி ஒரு வியப்பான செய்தி உண்டு. அக்கால்வாய்க் கரையில் உண்மையாகவே நின்ற அவ்விடுதியை இடிக்க முயன்ற காலத்தில், படத்தின் நினைவால் மக்கள் அதற்குப் பரிந்து நின்றனர். 1989-இல் அதன் முகப்பு வரலாற்றுச் சின்னமாகக் காக்கப்பட்டது. படத்திற் காண்பது அக்கட்டடமன்று. திரௌனர் சமைத்த படிமமே. மரத்தாலும் சாந்தாலும் ஆகிய போலி என்றோ அழிந்தது. அப்போலியின் புகழால் கல்லாலாகிய மெய் பிழைத்தது!

1939-இல் வெளிவந்த ‘பொழுது விடிகிறது’ என்னும் படம் மற்றோர் எடுத்துக்காட்டு. கொலை செய்துவிட்டுத் தன் அறைக்குள்ளே கதவடைத்துக் கொண்ட ஒரு தொழிலாளியின் கதை அது. கதை எழுதியவருள் ஒருவர் ழாக் பிரெவேர் என்னும் கவிஞர். திரௌனருக்கு வாழ்நாள் நண்பர். அத்தொழிலாளி குடியிருக்கும் இடமாகத் திரௌனர் அமைத்தது, சுற்றியுள்ள தாழ்ந்த கட்டடங்களுக்கு நடுவே தனித்து உயர்ந்து நிற்கும் ஒரு மாடிவீடு. அவன் அறை அதன் உச்சியில். கீழே போலீஸாரும் கூட்டமும். மேலே ஒற்றைச் சன்னலில் ஒரு மனிதன். அவன் தனிமையைச் சொல்ல ஒரு சொல்லும் வேண்டா, அவ்வீடே சொல்லிவிடுகின்றது. அறை முதல் மாடியில் இருந்திருப்பின் கதையின் துயரம் பாதியாகக் குறைந்திருக்கும் என்பதை எண்ணிப் பார்ப்பார் அறிவர்.

இவ்வாறு தொழிலில் உயர்ந்து வந்த காலத்தில்தான் பேரிடி வந்து விழுந்தது. 1940-ஆம் ஆண்டு ஜூன் மாதத்தில் ஜெர்மானியப் படை பாரிஸினுட் புகுந்தது. பிரெஞ்சு நாட்டின் தென்பகுதியில் விஷி என்னும் ஊரைத் தலைமையிடமாகக் கொண்டு ஏற்பட்ட அரசு, அவ்வாண்டு அக்டோபர் 3-ஆம் நாள் யூதருக்கு எதிராக ஒரு சட்டம் பிறப்பித்தது. அரசுப் பணி, கல்வி, பத்திரிகை, வானொலி ஆகியவற்றோடு திரைத்தொழிலும் அவர்களுக்கு அடைக்கப்பட்டது. எந்தப் பிறப்பினால் ஹங்கேரியை விட்டு வந்தாரோ அந்தப் பிறப்பே பிரெஞ்சு நாட்டிலும் அவரைத் துரத்திற்று. திரௌனர் தெற்கே சென்று, நீஸ் நகரை அடுத்த மலைப்பகுதியிலுள்ள தூரெத் என்னும் சிற்றூர்ப் பக்கத்தில் மறைந்து வாழ்ந்தார். பிரெவேர் அவருக்குத் துணையாக நின்றார். இசைப்புலவரும் யூதருமாகிய யோஸெப் கோஸ்மா என்பாரும் அவ்வாறே ஒளிந்து வாழ்ந்தார்.

தொழில் செய்தல் குற்றம். பெயர் வெளிப்படுதல் உயிருக்கு இறுதி. இந்நிலையில் ஒருவன் செயலற்று அமர்ந்திருப்பின் அவனைக் குறைகூறுவார் யார்? ஆயினும் திரௌனர் கை ஓயவில்லை. கார்னேயும் பிரெவேரும் 1942-இல் ‘மாலை விருந்தினர்’ என்னும் படத்தை எடுத்தபோது, அதற்குரிய அரங்கங்களை மறைவிடத்திலிருந்தே வரைந்து அனுப்பினார். படத்தில் ஜார்ஜ் வாக்கேவிச் என்பாரின் பெயரே வெளிவந்தது. கதை நிகழும் காலம் 1485. அதில் வரும் கோட்டையைத் திரௌனர் பளிச்சிடும் வெண்ணிறமாக அமைத்தார். பழங்கோட்டையென்றால் கறுத்துப் பாசிபடிந்து நிற்றல் வேண்டும் என்று எண்ணியவருக்கு இது புதுமையாயிற்று. ஆயின் சிறிது ஆராய்வோமாயின் உண்மை விளங்கும். நாம் இன்று காணும் கோட்டை ஐந்நூறாண்டு மழையிலும் வெயிலிலும் நின்றது. அதில் வாழ்ந்தவர் கண்டதோ புதிதாகக் கட்டிய கோட்டை. நம் கண்ணுக்குப் பழமையாய்த் தோன்றுவதை விடுத்து, அவர் கண்ணுக்கு எவ்வாறு தோன்றியிருக்கும் என்று எண்ணியது அவர் நுண்ணறிவு.

இதன்பின் வந்ததே அவருடைய பணிகளுட் பெரும்பணி. ‘சொர்க்கத்தின் குழந்தைகள்’ என்பது அப்படத்தின் பெயர். நாடக அரங்கின் உச்சி மாடத்தில் ஏழைகள் அமர்ந்து காணும் இடத்தை அந்நாட்டார் சொர்க்கம் என வழங்குவர். பெயரின் பொருள் அதுவேயாம். நூறாண்டுக்கு முன்னிருந்த பாரிஸில், நாடகசாலைகள் வரிசையாக நின்ற ஒரு பெருவீதியில் கதை நிகழ்கின்றது. அவ்வீதி முழுவதையும் நீஸ் நகரத்து விக்தொரீன் ஸ்டூடியோவின் வெளியில் எழுப்பத் துணிந்தனர். போர்க்காலமாதலின் மரமும் துணியும் ஆணியும் அரியவாயின. வரைந்து கொடுத்தவர் அவ்வீதியில் வெளிப்பட நடமாட இயலாதவர். அவருக்காக லெயோன் பர்ஸாக் என்னும் கலைஞர் தம் பெயரை முன்னிறுத்தி, வரைந்தவற்றைக் கட்டுவிக்கும் பொறுப்பை ஏற்றார். ரெமோன் கபூத்தி என்பாரும் உடனுழைத்தார். கோஸ்மாவின் இசைக்கும் இவ்வாறே வேறொருவர் பெயர் நின்றது.

1943 ஆகஸ்டு மாதத்தில் படப்பிடிப்புத் தொடங்கிற்று. அடுத்த மாதமே இத்தாலி நேசநாடுகளிடம் பணிந்தது. அதுகாறும் நீஸ் நகரைக் காவல்கொண்டிருந்த இத்தாலியர் யூதரை வேட்டையாடுவதில் முனைப்புக் காட்டாதிருந்தனர். அவர் நீங்கவே ஜெர்மானியர் புகுந்தனர். வீடுவீடாகத் தேடி யூதரைப் பிடித்துச் செல்லத் தொடங்கினர். படப்பிடிப்பு நின்றது, தயாரிப்பு வேறு நிறுவனத்தின் கைக்கு மாறிற்று, கட்டிய வீதி காற்றினும் மழையினும் சிதைந்தது. பின்னர் அதனைப் பழுதுபார்த்து மீண்டும் தொடங்கினர். இத்தனை இடையூற்றிலும் திரௌனரைக் காட்டிக்கொடுப்பார் ஒருவரும் அக்கூட்டத்தில் இல்லை என்பது நாம் ஊன்றி நோக்கத்தக்கது. பாரிஸ் விடுதலை பெற்றபின், 1945 மார்ச்சு மாதத்தில், மூன்று மணி நேரத்திற்கும் மேற்பட்ட அப்படம் மக்கள்முன் வந்தது. படத்தின் தொடக்கத்தில் எழுத்துக்கள் ஓடியபோது, அரங்கங்களை மறைவிலிருந்து அமைத்துக் கொடுத்தவர் அலெக்ஸாந்தர் திரௌனர் என்றும், இசையில் மறைவிலிருந்து உதவியவர் யோஸெப் கோஸ்மா என்றும் உலகறிய அறிவிக்கப்பட்டது. பிரெஞ்சு நாட்டுப் படங்களுள் மிகச் சிறந்தவற்றுள் ஒன்றாக அஃது இன்றும் போற்றப்படுகின்றது.

அன்பர்களே! பெயரை இரவல் கொடுத்தல் அரிது. அவ்விரவலால் வந்த புகழை உரியவரிடம் திருப்பிக் கொடுத்தல் அதனினும் அரிது. பர்ஸாக் தாமும் அப்பணியில் மெய்யாகவே உழைத்தவர். புகழ் முழுவதையும் தமதென்று கொண்டிருப்பின் மறுப்பதற்கு அக்காலத்தில் ஒருவருமில்லை. ஆயினும் பகிர்ந்து நின்றார். திரௌனருக்கு உதவிய பிரெவேரோ கார்னேயோ அவருடைய குலத்தவரல்லர், ஊரினரல்லர், அவர் தாய்மொழியினரும் அல்லர். உடனுழைத்தவர் என்னும் ஓர் உறவே அவர்களை அஞ்சாமல் நிற்கச் செய்தது.

போர் முடிந்தபின் திரௌனரின் வாழ்வு நேர்ப்பாதையிற் சென்றதென்று எண்ணுதல் வேண்டா. 1946-இல் வெளிவந்த ‘இரவின் வாயில்கள்’ என்னும் படத்திற்காகப் பாரிஸின் உயர்மேடை இரயில் நிலையம் ஒன்றை ஸ்டூடியோவிலே கட்டினார். உணவுக்கும் துணிக்கும் பங்கீடு நடந்த அக்காலத்தில் இத்துணைச் செலவு தகுமோ என்று பலர் குறைகூறினர்; படமும் வெற்றி பெறவில்லை. அதன்பின் ஆர்ஸன் வெல்ஸ் என்னும் அமெரிக்கர் ஒதெல்லோ நாடகத்தை மொராக்கோ நாட்டு மொகதோர் நகரிற் படமாக்கியபோது அவரோடு சேர்ந்தார். அங்கே நிலைமை நேர்மாறு. பணம் வற்றிப்போயிற்று, நடிகருக்கு உடைகளும் வந்துசேரவில்லை. உடையில்லாத நடிகரை எங்ஙனம் நடிப்பித்தல்? ஒரு கொலைக்காட்சியை நீராவிக் குளியற்சாலையில் நிகழ்வதாக மாற்றினர். குளிப்பவருக்குத் துண்டொன்று போதுமன்றோ! அப்படம் 1952-இல் கான் நகரத்து விழாவிற் பெரும்பரிசு பெற்றது. பொருள் மிக்க இடத்தும் பொருளற்ற இடத்தும் கலைஞனுடைய முதல், அவன் கருத்தே என்பது இதனால் அறியப்படும்.

பின்னர்ப் பில்லி வைல்டர் என்னும் இயக்குநர் அவரை அழைத்துக்கொண்டார். வைல்டரும் ஹிட்லரின் ஆட்சிக்கு அஞ்சி அமெரிக்கா புகுந்த யூதர். அவர் எடுத்து 1960-இல் வெளிவந்த ‘அடுக்கக வீடு’ என்னும் படத்தில், கண்ணுக்கெட்டியவரை மேசைகள் வரிசையாக நீளும் ஒரு பெரிய காப்பீட்டுக் கம்பெனியின் ஆபீசு வருகின்றது. ஆயிரக்கணக்கான குமாஸ்தாக்களுக்கு நடுவே கதைத்தலைவன் ஒரு துரும்பு. அதனைக் காட்டுதல் வேண்டும். அத்துணைப் பெரிய இடம் ஸ்டூடியோவில் ஏது? தொலைவிலுள்ளது சிறிதாகத் தோன்றும் என்பது கண்ணின் இயல்பு. அவ்வியல்பையே திரௌனர் கருவியாக்கினார். முன்வரிசையில் முழு அளவு மேசைகளும் வளர்ந்த ஆட்களும். அதற்குப் பின்னே சற்றுச் சிறிய மேசைகளும் குறுகிய உருவினரும். கடைசியில் மிகச் சிறு மேசைகளும் அட்டையில் வெட்டிய உருவங்களும். கூரை விளக்குக்களும் அவ்வாறே படிப்படியாகச் சிறுத்தன. படத்திற் காண்பார்க்கு அந்த ஆபீசு முடிவற்றதாய்த் தோன்றிற்று. அமெரிக்கத் திரைக்கலைக் கழகத்தார் வழங்கும் ஆஸ்கார் பரிசு இப்பணிக்காக எட்வர்ட் பாய்ல் என்பாரோடு சேர்த்து அவருக்கு அளிக்கப்பட்டது.

அடுத்து வைல்டர் பெர்லின் நகரிற் படமெடுத்துக் கொண்டிருந்தபோது, 1961 ஆகஸ்டு 13-ஆம் நாள் அந்நகரின் நடுவெல்லை திடீரென அடைக்கப்பட்டது. பிராண்டன்பர்க் வாயிலருகே மேற்கொண்டு படம்பிடிக்க இயலாமற் போகவே, அவ்வாயிலின் படிமம் மியூனிக் நகரிற் கட்டப்பட்டது. மெய்வாயில் மூடிற்று, பொய்வாயில் திறந்தது. 1975-இல் ஜான் ஹூஸ்டன் எடுத்த ‘அரசனாக விரும்பியவன்’ என்னும் படத்தின் கதை இந்தியாவில் தொடங்கி ஆப்கானிஸ்தானத்து மலைகளுக்கு அப்பாற் செல்வது. அந்நிலங்களையெல்லாம் பெரும்பாலும் மொராக்கோவிலேயே தோற்றுவித்தார்.

இனி நாம் கூறப்போவது, அவர் வாழ்க்கையில் நம் நெஞ்சை மிக உருக்குவது. 1976-இல் ஜோஸப் லோஸி என்னும் இயக்குநர் ‘திருவாளர் கிளைன்’ என்னும் படத்தை எடுத்தார். கதைக்களம் 1942-ஆம் ஆண்டுப் பாரிஸ். துன்புற்ற யூதரின் ஓவியங்களை அடிமாட்டு விலைக்கு வாங்கி வாழும் ஒரு வணிகன், தன் பெயரையே உடைய யூதன் ஒருவனோடு மாறாக எண்ணப்பட்டு, தான் அவனல்லன் என்று நிறுவ முயன்று முயன்று அழிகின்றான். அவ்வாண்டு ஜூலை 16, 17 ஆகிய நாட்களிற் பாரிஸ் போலீஸார் ஏறத்தாழ 13,000 யூதரை, சிறுவரும் முதியரும் என்று பாராமற் பிடித்து அடைத்த கொடுமை படத்தின் இறுதியில் வருகின்றது. பெயரும் பிறப்பும் ஒரு மனிதனைக் கொல்லும் அந்நகரை மீண்டும் சமைத்துக் கொடுக்கும் பணி திரௌனரிடம் வந்தது. அதே ஆண்டில் அவர் தெற்கே ஒளிந்திருந்தவர். பாரிஸில் இருந்திருப்பின் அக்கூட்டத்தில் ஒருவராகியிருக்கக் கூடியவர். எழுபது வயதில், தம்மை விழுங்க வாய்திறந்த நகரைத் தம் கையாலேயே அளந்து அமைத்தார். 1977-இல் பிரெஞ்சு நாட்டு ஸேஸார் பரிசு அதற்காக அவருக்குக் கிடைத்தது. அரங்கம் அமைத்தவர் மறைவிலிருந்தார் என்று எழுத நேர்ந்த அந்நாட்டிலேயே, அவர் பெயர் மேடைமேல் உரக்க அழைக்கப்பட்டது.

முதுமையிலும் அவர் ஓய்ந்திருக்கவில்லை. 1979-இல் ‘தோன் ஜொவானி’, 1985-இல் ‘சுரங்க இரயில்’ என்னும் படங்களுக்காக மேலும் இருமுறை ஸேஸார் பரிசு பெற்றார். 1986-இல் வெளிவந்த ‘நள்ளிரவு வேளை’ என்னும் படத்திற்காகப் பழம்பாரிஸின் இசைவிடுதி ஒன்றை மீண்டும் எழுப்பினார். 1988-இல் தம் அனுபவங்களை நூலாக வெளியிட்டார். 1993 டிசம்பர் 5-ஆம் நாள், தமது 87-ஆம் வயதில், நார்மண்டிப் பகுதியில் ஓமோன்வில் என்னும் சிற்றூரில் உயிர்நீத்தார். அவ்வூரிலேயே 1977-இல் இறந்த பிரெவேரின் கல்லறைக்கு அருகே அவர் உடல் அடக்கம் செய்யப்பட்டது. ஒளிந்திருந்த காலத்தில் உடனிருந்த நண்பர் இன்றும் பக்கத்திலேயே துயில்கின்றார்.

இவ்வரலாற்றினால் நாம் கொள்ளத்தக்கது யாது? சங்கங்கள் ஒரு குடிப்பிறந்தார் ஒருவருக்கொருவர் உதவிக்கொள்வதற்காக ஏற்பட்டவை; அவ்வுதவி வேண்டுவதே. ஆயினும் பிறப்பைப் பார்த்துக் கதவடைக்கும் உலகம் எத்துணைக் கொடியது என்பதையும், பிறப்பைப் பாராது கதவு திறந்த சிலரால் எத்துணைப் பெரிய கலை பிழைத்தது என்பதையும் திரௌனர் வாழ்க்கை ஒருங்கே காட்டுகின்றது. நம் வீட்டுக் கதவும் அவ்வாறு திறத்தற்கு உரியதே.

மற்றொன்று, நம் இளைஞருக்கு. நம்மவருள் தச்சும் கொத்தும் வண்ணமும் அச்சும் செய்து வாழ்வார் பலர். அவர் செய்த பொருளை ஊர் அறியும், அவர் பெயரை ஊர் அறியாது. அதனால் உளம் தளரவேண்டா. திரௌனர் கட்டிய வீதிகள் இன்று எங்கும் இல்லை. அவற்றில் நடந்தவர்களை உலகம் இன்றும் கண்டு மகிழ்கின்றது. நம்மோடு உழைக்கும் ஒருவர் தம் பெயரைச் சொல்லிக்கொள்ள இயலாத நிலையில் இருப்பாராயின், காலம் வரும்போது அவர் பெயரை நாம் எடுத்துச் சொல்லுவோமாக. அதுவே உடனுழைப்பார்க்கு உரிய கடன்.